நீரோவுக்குப் பாடம் சொன்ன செனெக்கா

வாளையாறு கடந்து பாலக்காட்டுக்குள் பஸ் நுழையும்போது இரு பக்கமும் மலை விலகி நிற்பதைப் பார்க்கலாம். மேற்குத் தொடர்ச்சி மலையில் இயற்கை விட்டுவைத்த இந்த வாசல் வழியாகத்தான் இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பு மாட்டு வண்டிகளும் பொதி மாடுகளும் நடந்தன. மேற்குக் கடற்கரையின் முசிறித் துறைமுகத்தில் யவனர் கப்பலிலிருந்து இறங்கிய பொன்னும் வெள்ளியும் கொங்கு நாட்டுக்குப் போயின. கொங்கு நாட்டின் மணிக்கற்கள் இந்த வழியே முசிறிக்கு வந்தன. இன்றைய இடுக்கி மலைகளைப் போன்ற மலைச் சரிவுகளில் விளைந்த மிளகு ஆற்று வழியாக இறங்கிக் கப்பல் ஏறியது.

கோயமுத்தூரை அடுத்த வெள்ளலூரில் 1842, 1891, 1931 ஆகிய ஆண்டுகளில் ரோமாபுரி வெள்ளிக் காசுகள் குவியலாகக் கிடைத்தன. பெரும்பாலானவை அகஸ்டஸ், டைபீரியஸ் என்ற இரண்டு சக்கரவர்த்திகளின் தலை பொறித்தவை. திருச்சூர் மாவட்டம் எய்யாலிலும் ரோமானியப் பொற்காசுகள் அகப்பட்டன.

அந்தக் காசுகள் ரோமாபுரிக் கடைவீதியில் புழங்கிய நாளில், அதே நகரத்தில் ஒரு நோஞ்சான் பையன் மூச்சிரைப்போடு பாடம் படித்துக்கொண்டிருந்தான். பிற்காலத்தில் அவன் தத்துவ ஞானியானான், நாடகாசிரியனானான், ஒரு சக்கரவர்த்திக்கே ஆசிரியனானான். அந்த மாணவனின் ஆணையாலேயே உயிரையும் விட்டான். அவர் பெயர் லூசியஸ் அன்னேயஸ் செனெக்கா.

சிற்றன்னையின் மடியில் வந்த பிள்ளை

செனெக்கா ரோமாபுரியில் பிறந்தவர் அல்லர். ஸ்பெயின் நாட்டில் கோர்டோபா என்ற ஊரில் கி.மு. 4-ஆம் ஆண்டு வாக்கில் பிறந்தார். தகப்பனார் பேச்சுக்கலையில் வல்லவர், வசதியுள்ளவர். தாயார் ஹெல்வியா. மூன்று பிள்ளைகளில் நடுப்பிள்ளை இவர். கைக்குழந்தையாக இருந்தபோதே தாயின் சகோதரி இவரைத் தூக்கிக்கொண்டு ரோமாபுரிக்கு வந்தாள். பிழைப்புக்கும் படிப்புக்கும் ஊர் விட்டு ஊர் வந்த குடும்பம் அது.

இளமையில் தத்துவ ஆசிரியர்களிடம் பாடம் கேட்டார். அவர்களில் சோஷியன் என்பவர், உயிர் ஒரு பிறவியிலிருந்து மறு பிறவிக்குப் போகிறது, மனிதன் கொல்லும் மிருகம் முன்பிறவியில் அவனுக்கு உறவாகவே இருந்திருக்கக் கூடும் என்று போதித்தார். நம் நாட்டில் பாட்டிமாரும் சொல்லும் கருத்து இது. செனெக்கா உடனே புலால் உண்பதை விட்டார். ஒரு வருஷம் அப்படியே இருந்தார். அந்தச் சமயத்தில் டைபீரியஸ் சக்கரவர்த்தி அன்னிய மதங்களைச் சந்தேகக் கண்ணோடு பார்த்தார். சில இறைச்சிகளை ஒதுக்குவதே குற்றத்துக்கு அடையாளமாகக் கருதப்பட்டது. தகப்பனார் கெஞ்சிக் கேட்டுக்கொண்டதால் மகன் பழைய சாப்பாட்டுக்கே திரும்பினார்.

மூச்சிரைப்பு நோய் அவரை ஆயுள் முழுவதும் வாட்டியது. ஒரு சமயம் வேதனை தாங்காமல் உயிரை மாய்த்துக்கொள்ளவும் எண்ணினார். வயோதிகத் தகப்பனார் அதைத் தாங்கமாட்டாரே என்ற நினைப்புதான் கையைத் தடுத்தது.

அத்தனை நாளும் தாயாக இருந்து வளர்த்த சிற்றன்னையின் கணவர் எகிப்து நாட்டின் கவர்னராக இருந்தார். உடம்பு தேற செனெக்கா எகிப்துக்குப் போனார். இந்தியாவின் மிளகும் முத்தும் மஸ்லினும் செங்கடல் வழியாக வந்து எகிப்தின் அலெக்சாந்திரியா நகரத்தில்தான் ஐரோப்பாவுக்குக் கை மாறின. இந்தியாவைப் பற்றி செனெக்கா ஒரு நூல் எழுதினார். அந்த நூல் இன்று கிடைக்கவில்லை. ஆனால் அதில் இந்தியாவின் 60 ஆறுகளையும் 118 இனத்தாரையும் அவர் கணக்குச் சொல்லியிருந்ததாக, அதே நூற்றாண்டில் வாழ்ந்த பிளினி என்ற ஆசிரியர் குறித்துவைத்திருக்கிறார். எகிப்தில் கேட்டறிந்த சேதிகள் அந்த நூலுக்கு உதவியிருக்கலாம்.

கார்சிகா தீவில் எட்டு ஆண்டுகள்

ரோமாபுரிக்குத் திரும்பிய செனெக்கா வழக்கறிஞராகவும் செனட் சபை உறுப்பினராகவும் பேர் எடுத்தார். பேச்சில் அவருக்குக் கிடைத்த கைதட்டல் கலிகுலா சக்கரவர்த்திக்குப் பொறுக்கவில்லை. கொன்றுவிடத் தீர்மானித்தார். அரண்மனைப் பெண் ஒருத்தி, இந்த ஆள் காச நோயாளி, தானே சீக்கிரம் செத்துவிடுவான் என்று சொல்லித் தடுத்ததாக வரலாறு. உடம்பின் நோயே உயிரைக் காப்பாற்றியது.

கலிகுலாவுக்குப் பின் கிளாடியஸ் பட்டத்துக்கு வந்தார். கி.பி. 41-இல் அரச குடும்பத்துப் பெண் ஒருத்தியோடு தகாத உறவு என்று செனெக்காவின் மேல் குற்றம் சுமத்தப்பட்டது. பட்டத்தரசி மெஸ்ஸலினாவின் சூழ்ச்சி இது என்பார்கள். தண்டனை, கார்சிகா தீவுக்கு நாடு கடத்தல். அதற்கு மூன்று வாரத்துக்குள்தான் அவருடைய சின்ன மகன் இறந்திருந்தான். பிள்ளையைப் பறிகொடுத்த துக்கம் ஆறுமுன் கப்பல் ஏறினார்.

தீவிலிருந்து தாயாருக்கு ஓர் ஆறுதல் நூல் எழுதினார். ஊரை விட்டுப் போவது துயரமே இல்லை. ரோமாபுரியில் வாழ்பவர்களில் பாதிக்கு மேற்பட்டவர் வெளியூர்க்காரர்தான். வானமும் நட்சத்திரமும் எங்கு போனாலும் கூட வருகின்றன என்று அதில் எடுத்துக் காட்டினார். பிழைப்புக்காகச் சொந்த ஊரை விட்டவர் யாருக்கும் இந்தப் பகுதி நெஞ்சைத் தொடும்.

ஆனால் அதே தீவிலிருந்து இன்னொரு நூலும் எழுதினார். அரண்மனையில் செல்வாக்குள்ள பாலிபியஸ் என்ற காரியதரிசிக்குத் தம்பி இறந்தபோது எழுதிய ஆறுதல் அது. அதில் தம்மை நாடு கடத்திய கிளாடியஸையே வானளாவப் புகழ்ந்திருந்தார். எப்படியாவது ஊர் திரும்பவேண்டும் என்ற தவிப்பு அதில் தெரிகிறது. தாய்க்கு எழுதியதில் ஞானி. அதிகாரிக்கு எழுதியதில் மனுப் போடும் ஏழை. இரண்டும் ஒரே மனிதர்தான்.

பழைய கதை, புதிய கூத்து

செனெக்காவின் பேரை நிலைநிறுத்தியவற்றில் அவர் எழுதிய சோக நாடகங்களுக்குப் பெரிய இடம் உண்டு. எட்டு நாடகங்கள் அவருடையவை என்று அறிஞர்கள் ஏற்கிறார்கள். எட்டின் கதையும் கிரேக்க நாட்டுப் புராணம். அவருக்கு ஏறக்குறைய 500 ஆண்டுகளுக்கு முன்பே ஏதென்ஸ் நகரத்தில் சோபக்ளிஸ், யூரிப்பிடிஸ் முதலியோர் இந்தக் கதைகளை நாடகமாக்கி இருந்தார்கள். செனெக்கா அவற்றை லத்தீன் மொழியில் மறுபடி சொன்னார்.

மறுபடி சொல்வது என்றால் மொழிபெயர்ப்பது அன்று. பாலக்காட்டுப் பகுதியில் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பாரதப்புழைக் கரையோரத்துப் பத்ரகாளி கோயில்களில் கூத்துமாடத்தின் வெள்ளைத் திரைக்குப் பின்னே வரிசையாக விளக்கேற்றி, தோல்பாவை ஆட்டி, இரவெல்லாம் பாடப்படுவது கம்ப ராமாயணம். வால்மீகி சொன்ன கதைதான். ஆனால் வால்மீகியில் இராவணன் சீதையைக் கையால் தூக்கிப் போகிறான்; கம்பரோ பர்ணசாலையை நிலத்தோடு பெயர்த்தெடுக்க வைத்தார். கதை பழையது, அதைச் சொல்லும் மனம் புதியது. செனெக்கா செய்ததும் அதே வேலைதான். ஒரு வித்தியாசம், கம்பர் கொடுமையைத் தணித்தார். செனெக்கா கொடுமையை மறைக்காமல் காட்டினார்.

மீடியா என்ற பெண்ணின் கதையைப் பாருங்கள். ஜேசன் என்ற வீரனுக்காகத் தகப்பனையும் தாய்நாட்டையும் உதறிவிட்டு வந்தவள். பத்து வருஷம் வாழ்ந்து இரண்டு பிள்ளை பெற்ற பிறகு, கொரிந்து நாட்டு ராஜகுமாரியை மணக்க அவளைக் கைவிடுகிறான் ஜேசன். அன்னிய ஊரில் நாதியில்லாமல் நிற்கும் அவள், மணப்பெண்ணை நஞ்சு தோய்ந்த ஆடையால் கொல்கிறாள். புருஷனைத் தண்டிப்பதற்காகத் தான் பெற்ற பிள்ளைகளையும் கொல்கிறாள்.

யூரிப்பிடிஸ் நாடகத்தில் பிள்ளைகள் சாவது வீட்டுக்குள்ளே. சபையோருக்கு அலறல் மட்டும் கேட்கும். செனெக்கா அந்தக் கதவைத் திறந்துவிட்டார். முதல் பிள்ளையைச் சபையின் முன்பே கொல்கிறாள். இரண்டாவது பிள்ளையைக் கூரைமேல் ஏற்றி, தகப்பன் கீழே நின்று பார்த்துக் கதறும்போது கொல்கிறாள். கதகளியில் பீமன் துச்சாதனன் நெஞ்சைப் பிளப்பதைப் பார்த்தவர்களுக்கு அந்தக் காட்சியின் வேகம் புரியும். இன்னொரு மாற்றமும் உண்டு. செனெக்காவின் ஜேசன் பிள்ளைகள்மேல் உயிரையே வைத்திருக்கிறான். அவர்களைப் பிரிய முடியாது என்று வாய் தவறிச் சொல்கிறான். எந்த இடத்தில் அடித்தால் வலிக்கும் என்று மீடியா தெரிந்துகொள்வது அந்த நொடியில்தான். நல்ல குணமே பகைவனுக்கு வழி காட்டிவிடுகிறது.

குமுளிக்கு மேலே இடுக்கி, தேனி எல்லையில் மங்கலதேவி கோயில் இருக்கிறது. வருஷத்துக்கு ஒருநாள், சித்ரா பௌர்ணமியன்று மட்டும் இரு மாநிலத்தாரும் மலையேறிக் கண்ணகியை வணங்குகிறார்கள். கண்ணகியும் அன்னிய ஊரில் நாதியற்று நின்றவள்தான், ஊரை எரித்தவள்தான். ஆனால் அவள் முதலில் அரசனிடம் வழக்குரைத்தாள், சிலம்பை உடைத்து உண்மையை நிரூபித்தாள். பசுவையும் முதியோரையும் குழந்தைகளையும் தீ தொடாதபடி காத்தாள். மீடியா யாரையும் காக்கவில்லை. கோபத்தில் நியாயம் இருந்தால் அது தெய்வமாகிறது. நியாயத்தைத் தாண்டினால் என்ன ஆகும் என்பதைத்தான் செனெக்கா மீடியாவாக எழுதினார். சினம் என்பதைப் பற்றியே அவர் தனியாக மூன்று பாகம் கொண்ட நூல் செய்திருக்கிறார். இரவில் விளக்கை எடுத்த பின், மனைவியும் பேச்சை நிறுத்திய பின், அன்று பேசியதையும் செய்ததையும் தமக்குள்ளே விசாரித்துப் பார்ப்பது தம் வழக்கம் என்று அதில் தெரிவிக்கிறார்.

அரண்மனை வாத்தியார்

கி.பி. 49-இல் காலம் திரும்பியது. மெஸ்ஸலினா கொல்லப்பட்டு, அக்ரிப்பினா என்பவள் கிளாடியஸின் மனைவியானாள். முதல் கணவருக்குப் பிறந்த தன் மகனுக்கு நல்ல வாத்தியார் வேண்டும் என்று செனெக்காவைத் தீவிலிருந்து வரவழைத்தாள். மாணவனுக்கு அப்போது வயது 12-க்குள். அவன்தான் நீரோ.

கி.பி. 54-இல் கிளாடியஸ் இறந்தார். விஷம் வைத்தவள் அக்ரிப்பினா என்பது பழைய வரலாற்றாசிரியர்கள் எழுதியது. 16 வயது நீரோ சக்கரவர்த்தியானான். அவன் பேசிய பேச்செல்லாம் செனெக்கா எழுதித் தந்தவை. செனெக்காவும், காவற்படைத் தளபதி புர்ரஸும் சேர்ந்து காரியங்களை நடத்தினார்கள். முதல் ஐந்து ஆண்டு ஆட்சி ஒழுங்காகவே நடந்தது. அரசனுக்கு இரக்கம் வேண்டும் என்று மாணவனுக்காக ஒரு நூலும் எழுதினார் செனெக்கா.

ஆனால் கி.பி. 55-இலேயே, பட்டத்துக்கு உரிமை உள்ள பிரிட்டானிக்கஸ் என்ற இளவரசன் விருந்திலே விஷத்தால் மாண்டான். அதன்பின் அரண்மனை நண்பர்களுக்கு மாளிகைகளும் நிலங்களும் பரிசாக வழங்கப்பட்டன. செனெக்கா வாய் திறக்கவில்லை.

எளிமையைப் புகழ்ந்து எழுதியவரிடம் 30 கோடி செஸ்டர்ஸ் சொத்து சேர்ந்தது. எந்தத் தத்துவம் படித்து நாலு வருஷத்தில் இவ்வளவு சம்பாதித்தார் என்று சுயில்லியஸ் என்ற எதிரி கேட்டான். பிரிட்டன் தீவில் வட்டிக்குக் கொடுத்த கடனைத் திடீரென்று வசூலித்து அங்கே கலகம் மூளக் காரணமானார் என்று டியோ என்ற வரலாற்றாசிரியர் பழி சொல்கிறார். ரோமாபுரிச் சீமாட்டிகள் காதில் தொங்கும் முத்துக்களைக் கண்டித்து எழுதியதும் இதே பேனாதான்.

கி.பி. 59-இல் நீரோ தன் தாயைக் கொல்லத் துணிந்தான். உடைந்து மூழ்கும்படி செய்த படகிலிருந்து அவள் நீந்தித் தப்பினாள். நள்ளிரவில் செனெக்காவையும் புர்ரஸையும் எழுப்பி அழைத்தான் நீரோ. இருவரும் நெடுநேரம் பேசாமல் நின்றார்கள். பிறகு செனெக்கா புர்ரஸைப் பார்த்து, கொல்லும்படி படைவீரருக்கு உத்தரவிடலாமா என்று கேட்டார். காவற்படை அதைச் செய்யாது என்றார் புர்ரஸ். வேறு ஆள் போய்க் காரியத்தை முடித்தான். அவள் சதி செய்தாள், அதனால் மாண்டாள் என்று செனட்டுக்குப் போன கடிதத்தை எழுதிக் கொடுத்தவர் செனெக்கா.

வேலைக்காரன் எசமானுக்கு எதுவரை கட்டுப்படலாம்? பதவியில் இருந்தால்தான் கெட்டவனைக் கொஞ்சமாவது தடுக்கலாம் என்பது ஒரு வாதம். இருந்துகொண்டே அவன் பாவத்துக்குக் கையெழுத்துப் போட்டால் தடுத்தது என்ன மிச்சம் என்பது மறு வாதம். ஆபீசில் கோப்பை நகர்த்தும் குமாஸ்தாவுக்கும், தோட்டத்தில் கணக்கு எழுதும் ஆளுக்கும் சிறிய அளவில் வரும் இதே கேள்வி, செனெக்காவுக்கு மிகப் பெரிய அளவில் வந்தது. அவர் அதில் தேறினார் என்று சொல்ல முடியாது.

விருந்தில் வைத்த கறி

அவருடைய நாடகங்களிலே மிகக் கொடியது ‘தையஸ்டிஸ்’. நீரோவின் காலத்தில்தான் இது எழுதப்பட்டது என்பது பல அறிஞர்களின் முடிவு. ஆட்ரியஸ், தையஸ்டிஸ் இருவரும் அண்ணன் தம்பிகள். அரசுரிமைக்காகவும் அண்ணன் மனைவியைத் தம்பி வசப்படுத்தியதற்காகவும் பகை. நாடு கடத்தப்பட்ட தம்பிக்கு அண்ணன் சமாதானத் தூது அனுப்புகிறான். பாதி ராஜ்யம் தருகிறேன், வா என்கிறான். தையஸ்டிஸ் தயங்குகிறான். காட்டிலே பயமில்லாமல் தூங்கினோமே, அரண்மனைக்கு எதற்கு என்கிறான். பிள்ளைகளின் ஆசைக்கு இணங்கிக் கடைசியில் போகிறான். அண்ணன் அந்தப் பிள்ளைகளையே வெட்டிச் சமைத்துத் தகப்பனுக்கு விருந்து வைக்கிறான். அந்த அக்கிரமத்தைக் காணச் சகிக்காமல் சூரியன் பாதி வழியில் திரும்பிவிடுகிறான்.

இந்தக் கதையைப் பற்றிய கிரேக்க நாடகம் எதுவும் முழுதாக மிஞ்சவில்லை. நமக்குக் கிடைப்பது செனெக்காவின் நாடகம்தான். தீவிலிருந்து அரண்மனைக்கு அழைக்கப்பட்டவர், விருந்தில் விஷம் பரிமாறப்பட்டதை அறிந்தவர் எழுதிய நாடகம் இது. இதில் ஆட்ரியஸின் பணியாள் ஒருவன் வருகிறான். குடிகள் பழிப்பார்கள், அண்ணன் தம்பிக்குள் இது தகுமா என்று முதலில் புத்தி சொல்கிறான். எசமான் கேட்கவில்லை. முடிவில், ரகசியத்தைக் காப்பேன் என்று தலை வணங்கிவிடுகிறான். புராணத்து ராஜாவின் பெயரை வைத்துக்கொண்டு, வெளியே சொல்ல முடியாத தம் நிலைமையையே அவர் சொல்லிக்கொண்டது போல இருக்கிறது.

கடைசிக் கணக்கு

கி.பி. 62-இல் புர்ரஸ் இறந்தார். துணை போய்விட்டது. செனெக்கா நீரோவிடம் போய், வயதாகிவிட்டது, சொத்தையெல்லாம் எடுத்துக்கொண்டு விடை கொடுங்கள் என்று கேட்டார். நீரோ கட்டிப்பிடித்து முத்தமிட்டு மறுத்துவிட்டான். அதன்பின் செனெக்கா கூட்டம் சேர்ப்பதை நிறுத்தி, வீட்டோடு ஒதுங்கினார். விஷத்துக்குப் பயந்து பழமும் ஓடுகிற தண்ணீரும் மட்டும் உட்கொண்டார்.

சிசிலித் தீவில் அதிகாரியாக இருந்த நண்பர் லூசிலியஸுக்கு அவர் எழுதிய 124 கடிதங்கள் அந்தக் கடைசி மூன்று ஆண்டுகளில் வந்தவை. அவற்றில் ஒன்று அடிமைகளைப் பற்றியது. அடிமையும் மனிதனே, ஒரே காற்றைச் சுவாசிக்கிறான், விதி மாறினால் நாளை நீயும் அவனாகலாம், அவனோடு உட்கார்ந்து சாப்பிடு என்று அதில் எடுத்துரைத்தார். சங்கிலிபோட்டு ஆட்களை வேலை வாங்கிய ஒரு சாம்ராஜ்யத்தில் இது சாதாரணப் பேச்சு அன்று.

கி.பி. 65-இல் பைசோ என்பவர் தலைமையில் நீரோவைக் கொல்ல நடந்த சதி வெளிப்பட்டது. அதில் செனெக்காவுக்குப் பங்கு இருந்ததாக உறுதியான சாட்சி இல்லை. ஆனாலும் உயிரை மாய்த்துக்கொள்ளும்படி உத்தரவு வந்தது. நகரத்துக்கு வெளியே தம் வீட்டில் மனைவி பௌலினாவோடும் இரண்டு நண்பர்களோடும் அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். உயில் எழுத ஏடு கேட்டார், தரவில்லை. அழுத நண்பர்களைத் தேற்றினார். கைநரம்பை அறுத்துக்கொண்டார். பட்டினியால் மெலிந்த முதிய உடம்பில் ரத்தம் மெல்லத்தான் வந்தது. கால் நரம்பையும் அறுத்தார். நஞ்சும் குடித்தார். கடைசியில் வெந்நீர் அறையின் ஆவியில் மூச்சு அடைத்து மாண்டார். கூடவே சாகத் துணிந்து நரம்பை அறுத்துக்கொண்ட பௌலினாவை நீரோவின் ஆட்கள் காப்பாற்றினார்கள். சில ஆண்டுகள் வெளிறிய முகத்தோடு வாழ்ந்தாள். ஆடம்பரமின்றி எரிக்க வேண்டும் என்று செனெக்கா செல்வாக்கோடு இருந்த நாளிலேயே எழுதிவைத்தபடி, சடங்கில்லாமல் உடல் எரிக்கப்பட்டது.

அடுத்தடுத்து அவருடைய சகோதரர்கள் இருவரும், தம்பி மகனான லூக்கன் என்ற கவிஞனும் மாண்டார்கள். மூத்த சகோதரர் கல்லியோவை மாதாகோயிலுக்குப் போகிறவர்கள் அறிவார்கள். கொரிந்துவில் பவுலடியாரை இழுத்துவந்தபோது வழக்கையே தள்ளிவிட்ட அதிபதி என்று விவிலியத்தின் அப்போஸ்தலர் நூலில் வருபவர் அவர்தான். மூன்றே ஆண்டில், கி.பி. 68-இல், நீரோவும் தற்கொலை செய்துகொண்டான்.

செனெக்காவின் நாடகங்கள் சாகவில்லை. கடல் தன் கட்டுக்களைத் தளர்த்திப் புதிய உலகங்களைக் காட்டும் காலம் வரும் என்று ‘மீடியா’வில் அவர் பாடியிருந்ததைக் கொலம்பஸ் தம் ஏட்டில் எடுத்தெழுதிக்கொண்டார். 1581-இல் அவர் பேரில் வழங்கிய பத்து நாடகங்கள் இங்கிலீஷில் ஒரே தொகுப்பாக வந்தன. பழிவாங்கச் சொல்லும் ஆவியும், மேடை மேலேயே கொலையும் இங்கிலீஷ் நாடகத்தில் புகுந்தன. ஷேக்ஸ்பியரின் ‘ஹாம்லெட்’டிலும் அந்த ஆவி வருகிறது. அதே ஹாம்லெட்டைத்தான் பம்மல் சம்பந்த முதலியார் ‘அமலாதித்யன்’ என்று தமிழ் மேடையில் ஏற்றினார். ஏதென்ஸில் புறப்பட்ட கதை மரபு ரோமாபுரி போய், லண்டன் போய், சென்னைக்கு வந்து சேர்ந்தது.

பாலக்காட்டுக் கணவாய் வழியே அன்று வந்த காசுகள் இப்போது காட்சிசாலைக் கண்ணாடிக்குள் கிடக்கின்றன. அவற்றில் பொறித்த சக்கரவர்த்திகளின் பெயரை வாசிக்க ஆராய்ச்சியாளர் வேண்டும். அவர்கள் கீழே வேலை பார்த்து, பல இடங்களில் தவறி, தவறியதைத் தம் நாடகத்தில் மறைக்காமல் எழுதிவைத்த வெளியூர்க்காரரை மட்டும் இன்றும் உலகம் படிக்கிறது.